பேசாத பையன் தீர்ப்பு சொன்ன சங்கம்

ஆட்டையாம்பட்டியிலிருந்து இன்னொரு எபிசோட். முறுக்கைக் கையில எடுத்துக்கோங்க, ஆரம்பிப்போம்.

"தமிழ்ச் சங்கம் பத்தாயிரம் வருஷம் பழசு"ன்னு ஒரு ஃபார்வர்டு உங்க ஃபேமிலி குரூப்லயும் வந்திருக்கும். இந்தக் கணக்கு எங்கிருந்து வந்துச்சு? 'இறையனார் களவியல்' என்கிற இலக்கண நூலுக்கு எழுதப்பட்ட உரையிலிருந்து. அந்த உரைதான் சரின்னு தீர்ப்பு சொன்னது யாரு? அஞ்சு வயசுப் பையன். பேரு உருத்திரசன்மன். வாய் பேச வராது.

கதை இதுதான். பாண்டிய நாட்டுல 12 வருஷம் பஞ்சம். அரசன் புலவர்களை வெளியே அனுப்பிடறான். மழை வந்தபிறகு தேடினா, எழுத்துக்கும் சொல்லுக்கும் ஆள் கிடைக்கிறாங்க, பொருள் இலக்கணம் தெரிஞ்சவங்க மட்டும் இல்ல. அரசன் கவலைப்பட, மதுரை ஆலவாய்க் கடவுளே 60 சூத்திரங்களைச் செப்பேட்டுல எழுதித் தன் பீடத்துக்குக் கீழே வச்சுடறார். இப்போ ஆளாளுக்கு ஒரு உரை சொல்றாங்க. எது சரி? அந்தப் பையனை உயரமான இடத்துல உட்கார வச்சு, ஒவ்வொரு உரையா வாசிக்கிறாங்க. நக்கீரர் உரை வரும்போது சொல்லுக்குச் சொல் கண்ணீர் விடறான். அதுவே தீர்ப்பு.

'திருவிளையாடல்' படத்துல சிவன்கிட்டயே வாதாடுவாரே, அதே நக்கீரர்தான்.

அந்த உரைதான் மூணு சங்கக் கதையை முழுசா நமக்குச் சொல்லுது. முதல் சங்கம் 4,440 வருஷம், அகத்தியரும் சிவனும் முருகனும் அதுல உறுப்பினர்கள். இரண்டாவது 3,700. மூணாவது 1,850. மொத்தம் 9,990.

இப்போ உங்க ஃபோன்ல கால்குலேட்டரைத் திறங்க. மூணையும் 37ஆல வகுத்துப் பாருங்க. 120, 100, 50. மீதியே இல்ல! உண்மையான டேட்டா இவ்வளவு அழகா வராது. ஆபீஸ்ல யாராவது இப்படி ஒரு ஃபைல் அனுப்பினா, "இதை எங்கிருந்து எடுத்தீங்க?"ன்னுதான் முதல்ல கேட்பேன்.

உரையை எழுதினவங்களுக்கும் இந்தக் கேள்வி வரும்னு தெரிஞ்சிருக்கு. அதனால கிட் லாக் மாதிரி ஒரு பட்டியல் கொடுக்கறாங்க. நக்கீரர் தன் மகனுக்குச் சொன்னார், அவர் தேனூர்கிழாருக்குச் சொன்னார்னு பத்து தலைமுறை தாண்டி முசிறி நீலகண்டனார்கிட்ட வந்து முடியுது. ஆனா அதே உரையில ஏழாம் நூற்றாண்டுப் பாண்டியனைப் புகழும் பாட்டுகள் எடுத்துக்காட்டா வருது. அப்போ இன்னைக்கு நம்ம கையில இருக்கிற உரை, சங்கப் பாடல்களுக்குப் பல நூற்றாண்டு பிந்தினது. அந்தப் பாட்டுகளுக்குள்ள மூணு சங்கமும் இல்ல, 9,990ம் இல்ல.

சரி, வெறும் கட்டுக்கதைதானே, தூக்கிப் போட்டுடலாமா? அங்கதான் விஷயமே. 1901ல பாண்டித்துரைத் தேவர் மதுரையில ஒரு தமிழ்ச் சங்கம் தொடங்கறார். அதுக்கு மக்கள் வச்ச பேரு 'நான்காம் தமிழ்ச் சங்கம்'. முதல் மூணையும் கதை கட்டிக் கொடுத்துச்சு, நாலாவது செங்கல் வச்சுக் கட்டினது. அது 'செந்தமிழ்' பத்திரிகை நடத்துச்சு, கல்லூரி நடத்துச்சு. டெல்லியிலயும் சிங்கப்பூர்லயும் தமிழர் ஒண்ணு கூடினா 'சங்கம்'னுதான் பேர் வைக்கறாங்க. 'சங்க இலக்கியம்'ங்கிற பேரே இந்தக் கதையிலிருந்து வந்ததுதான். கதையில வர்ற ஒரு பையனோட கண்ணீர் இத்தனையும் செஞ்சிருக்கு.

ஆனா கதையைக் கணக்கா மாத்தும்போது நஷ்டம் நமக்குத்தான். "பத்தாயிரம் வருஷம்"னு சொல்லி மாட்டிக்கிட்டா, எதிர்ல இருக்கிறவர் இரண்டாயிரத்தையும் சேர்த்தே சந்தேகப்படுவார். அந்த இரண்டாயிரத்துக்குக் கல்லுலயே சாட்சி இருக்கு. நம்ம பக்கத்துத் தகடூரை, அதாவது இன்னைய தர்மபுரியை, ஆண்ட அதியமானை ஔவையார் பாடினாங்க இல்லையா? 'அதியன் நெடுமான் அஞ்சி'ங்கிற அவர் பேரோட ஒரு தமிழ் பிராமிக் கல்வெட்டு 1981ல திருக்கோவிலூர் பக்கம் ஜம்பையில கிடைச்சுது. பரமத்தி வேலூர்ல காவிரிப் பாலம் தாண்டினா புகளூர். அங்க ஆறுநாட்டான் மலையில சேர அரசர் மூணு தலைமுறையோட பேர் வெட்டியிருக்கு. பாட்டு ஒரு பக்கம், பாறை ஒரு பக்கம், ரெண்டும் ஒரே பேரைச் சொல்லுது. இதைவிட என்ன வேணும்?

அதனால உருத்திரசன்மனை விட்டுடாதீங்க, உங்க வீட்டுக் குழந்தைங்களுக்குக் கதையா சொல்லுங்க. ஃபேமிலி குரூப்ல அந்த ஃபார்வர்டு மறுபடி வந்தா, சண்டை போட வேண்டாம். ஜம்பைக் கல்வெட்டு ஃபோட்டோவை மட்டும் பதிலா போடுங்க.

அடுத்த எபிசோட்ல பார்ப்போம்.