நொச்சி சூடாத மலைகள்

பண்டைத் தமிழர் போரின் வகைகளை மலர்களால் பெயரிட்டு வழங்கினர். ஆநிரை கவரச் சென்றோர் வெட்சி சூடினர். மாற்றான் மண்மீது படையெடுத்தோர் வஞ்சி சூடினர். அரணை வளைத்துக்கொண்டோர் உழிஞை சூடினர். வளைக்கப்பட்ட அரணின் உள்ளே நின்று மதிலைக் காத்தோர் சூடிய பூ நொச்சி. தொல்காப்பியத்தில் நொச்சி தனித்திணையாக எண்ணப்படவில்லை. அது உழிஞையுள் அடங்கும் என்பர் உரையாசிரியர். பின்வந்த புறப்பொருள் வெண்பாமாலையில் ஐயனாரிதனார் அதற்குத் தனித்திணை என்னும் இடத்தை வழங்கினார். தாக்குவோனுக்கு ஒரு பெருமை உண்டெனில், தாங்குவோனுக்கும் ஒரு பெருமை உண்டென்று இலக்கணமே ஏற்றுக்கொண்டது.

புறநானூற்றில் மோசிசாத்தனார் நொச்சியை நேரே விளித்து ஒரு பாட்டுப் பாடியிருக்கிறார். இளமகளிர் தழையாடையாக அணியும் அதே நொச்சியை, அவர்கள் வாழும் ஊரைக் காக்க நிற்கும் வீரனும் தலையில் சூடுகிறான் என்பது அப்பாட்டின் கருத்து. வீட்டுக்கும் மதிலுக்கும் பூ ஒன்றே. ஊரைக் காத்தல் என்பது படைவீரரின் தொழில் மட்டுமன்று, அங்கு வாழும் அனைவரது வாழ்வும் அதில் கலந்திருக்கிறது என்னும் உண்மை அதனுள் அடங்கியிருக்கிறது.

இருபதாம் நூற்றாண்டின் பெரும்போர்களும் இவ்வுண்மையை வேறொரு வகையில் உலகுக்கு உணர்த்தின. வானிலிருந்து குண்டு விழும்போது களம் வேறு, ஊர் வேறு என்னும் எல்லை அழிந்துவிடுகிறது. அதுவரை மார்பில் பதக்கம் அணியும் உரிமை பெரும்பாலும் மனிதனுக்கே இருந்தது. இனி ஊர்களும் பரவலாக அணியத் தொடங்கின. 1916ஆம் ஆண்டு செப்டம்பர்த் திங்களில் பிரெஞ்சுக் குடியரசுத் தலைவர் புவான்காரே வெர்தூன் கோட்டைக்குச் சென்று, நேசநாடுகள் பல அளித்த விருதுகளை அந்நகரத்துக்கே சூட்டினார். 1945ஆம் ஆண்டு மே முதல் நாளன்று வெளியான சோவியத் ஆணை லெனின்கிராட், ஸ்டாலின்கிராட், செவஸ்தபோல், ஒடெஸ்ஸா என்னும் நான்கையும் வீரநகரங்கள் என்று குறித்தது. 1965இல் அப்பட்டத்துக்கு முறையான விதிகள் வகுக்கப்பட்டன. பின்னர் படிப்படியாகப் பன்னிரண்டு நகரங்களும், பிரெஸ்த் என்னும் கோட்டையொன்றும் அவ்வரிசையில் இடம்பெற்றன. அவற்றுள் லெனின்கிராட் 872 நாள்கள் முற்றுகையைத் தாங்கிய நகரம். அங்கே மாண்டவருள் மிகப் பலர் குண்டுக்கு அன்றிப் பசிக்கே இரையாயினர்.

நம் அண்டை நாடாகிய பாகிஸ்தானும் 1965ஆம் ஆண்டுப் போருக்குப் பின் லாகூர், சியால்கோட், சர்கோதா ஆகிய மூன்று நகரங்களுக்கு ஹிலால்-இ-இஸ்திக்லால் என்னும் சிறப்புக் கொடியை வழங்கியது. உக்ரேன் 2022இல் கார்கிவ், மரியுபோல், கெர்சோன் முதலிய ஊர்களுக்கு வீரநகரப் பட்டம் சூட்டியது. சோவியத் ஒன்றியம் 1991இல் மறைந்தது. ஸ்டாலின்கிராட் 1961இலேயே வோல்கோகிராட் ஆகிவிட்டது. லெனின்கிராட் தன் பழம்பெயரை மீட்டுக்கொண்டது. பட்டம் அளித்த அரசு போயிற்று, பட்டம் பெற்ற ஊரின் பெயரும் போயிற்று. ஆயினும் பட்டம் அளிக்கும் வழக்கம் மட்டும் போகவில்லை.

இவற்றை எண்ணுங்கால் ஒரு வினா எழுகின்றது. ஊருக்குப் பட்டம் அளிப்பவர் யார்? எதற்காக அளிக்கிறார்?

இவ்வினாவுக்கு விடை தேட வெர்தூனுக்கோ வோல்கா நதிக்கரைக்கோ செல்லவேண்டுவதில்லை. கொழும்பிலிருந்து கண்டிக்குச் செல்லும் பெருவழியில், மகா ஓயாவின் கரையில் அமைந்த மாவனல்லையே ஒரு விடை கூறும். கண்டியரசின் காலத்தில் இவ்வூர் நாலு கோறளை என்னும் பிரிவைச் சேர்ந்தது. 1815இல் கண்டி ஆங்கிலேயர் வசமாயிற்று. மூன்றாண்டுகள் செல்லுமுன் ஊவாவிலும் வெல்லசையிலும் பெருங்கிளர்ச்சி மூண்டது. அது மலைநாட்டின் பெரும்பகுதியைப் பற்றிக்கொண்ட வேளையில், நாலு கோறளை மொல்லிகொடை அதிகாரத்தின் செல்வாக்கினால் ஆங்கிலேயர் பக்கமே நின்றது. கொழும்புக்கும் கண்டிக்கும் இடைப்பட்ட வழி அடைபடாமல் இருந்தது. ஆங்கிலேயர் அந்நன்றியை மறக்கவில்லை. 1818ஆம் ஆண்டு நவம்பர் 21ஆம் நாள் வெளியிட்ட பிரகடனத்தில் நெல்வயலின் விளைவில் பத்தில் ஒரு பங்கை வரியாக விதித்தனர். நாலு கோறளை உள்ளிட்ட விசுவாசமுள்ள பகுதிகளுக்கோ பதினான்கில் ஒரு பங்கே போதும் என்றனர். கிளர்ச்சியில் சேர்ந்து நிலத்தைப் பறிகொடுத்துப் பின் மீளப்பெற்றோர் ஐந்தில் ஒரு பங்கு செலுத்தவேண்டியதாயிற்று.

போர்க்கால நடத்தைக்காக ஒரு பிரதேசத்துக்கு அளிக்கப்பட்ட சிறப்பு என்று இதனைச் சொல்லாமல் வேறென்ன சொல்வது? பதக்கத்துக்குப் பதில் வரிக்குறைப்பு, அவ்வளவே வேறுபாடு. ஆனால் காலம் இத்தகைய கணக்குகளைத் திருப்பி எழுதும் இயல்புடையது. 1818இல் துரோகிகள் என்று அறிவிக்கப்பட்ட தலைவர்கள்மீது சுமத்தப்பட்ட அக்களங்கம் 2016இல் இலங்கை அரசினால் நீக்கப்பட்டது. அவர்கள் தேசிய வீரர்கள் என்று போற்றப்பட்டனர். ஆள்வோர் அளிக்கும் பட்டம் ஆள்வோருக்குப் பயன்பட்டதன் அளவையே பெரும்பாலும் காட்டுகிறது என்பதற்கு இதனினும் சான்று வேண்டுமா?

இம்மலைகளைப் போர் இரண்டாம் முறை நாடி வந்தது 1942இல். அவ்வாண்டு பெப்ரவரி 15ஆம் நாள் சிங்கப்பூர் வீழ்ந்தது. மார்ச்சுத் திங்களில் சாவகமும் இரங்கூனும் சப்பானியர் கைப்பட்டன. ஏப்ரல் 4ஆம் நாள், இலங்கையை நோக்கி வந்த சப்பானியக் கடற்படையை லெனர்ட் பேர்ச்சோல் என்னும் கனேடிய விமானி கண்டு செய்தி அனுப்பினார். அதனால் ‘இலங்கையின் மீட்பர்’ என்னும் பட்டம் அவரைச் சேர்ந்தது. மறுநாள், உயிர்த்த ஞாயிறன்று, கொழும்பின்மீது குண்டுகள் விழுந்தன. 9ஆம் நாள் திருகோணமலை தாக்கப்பட்டது. ஹேர்மிஸ் என்னும் விமானந்தாங்கிக் கப்பல் மட்டக்களப்புக்கு அப்பால் கடலில் மூழ்கியது.

அதே ஏப்ரலில், 15ஆம் நாளன்று, ஆறாம் ஜோர்ஜ் மன்னர் மத்தியதரைக் கடலிலுள்ள மோல்ற்றாத் தீவு முழுவதற்கும் ஜோர்ஜ் சிலுவை என்னும் உயர்விருதை வழங்கினார். இடைவிடாத குண்டுவீச்சையும் பட்டினியையும் தாங்கிய அத்தீவின் கொடியில், 1964இல் அது விடுதலை பெற்ற பின்னரும், அச்சிலுவை விளங்குகின்றது. இலங்கையின் எந்நகரத்துக்கும் அத்தகைய விருது கிடைக்கவில்லை. மோல்ற்றா பட்ட துன்பத்துக்குக் கொழும்பு பட்டது ஈடன்று; ஆகவே அதனைக் குறையாகச் சொல்வதற்கில்லை. குறை வேறோரிடத்தில் உள்ளது.

சப்பானியர் கைப்பற்றிய மலாயாவும் கிழக்கிந்தியத் தீவுகளுமே அந்நாளில் உலகின் இறப்பரில் பெரும்பகுதியை விளைவித்தவை. அவை போனபின் நேசநாடுகளுக்கு எஞ்சிய இயற்கை இறப்பரின் முதன்மையான ஊற்று இலங்கையாயிற்று. விமானச் சில்லும் பாரவண்டிச் சில்லும் இறப்பரின்றி உருளா. இலங்கையில் அவ்விறப்பர் விளைந்தது எங்கே? களுத்துறையிலும், சப்பிரகமுவ மாகாணத்தின் கேகாலை, இரத்தினபுரி மாவட்டங்களிலும். கேகாலைக் குன்றுகளிலும் இரத்தினபுரிச் சரிவுகளிலும் வரிசை வரிசையாக நின்ற அம்மரங்களிலிருந்து வடிந்த பால், ஐரோப்பாவின் களங்கள்வரை சென்றது.

இறப்பர் தொழில் எத்தகையது என்பதைத் தோட்டம் அறியாதவர் பொருட்டுச் சிறிது சொல்லவேண்டும். வெயில் ஏறுமுன் பால் வெட்டவேண்டும். ஏறிவிட்டால் பால் வடிவது குறைந்துவிடும். ஆகவே இருள் பிரியுமுன் தொழிலாளி மலையேறுவார். மரத்தின் பட்டையில் சரிவாக ஒரு மெல்லிய கீற்றை மட்டும் சீவவேண்டும். கத்தி சற்று ஆழ்ந்து உள்மரத்தைத் தொட்டால் மரத்துக்குக் காயம், தொழிலாளிக்குத் தண்டனை. வடிந்த பாலைச் சிரட்டைகளிலிருந்து வாளியில் சேர்த்துச் சுமந்து இறங்கவேண்டும். அட்டையும் வழுக்குப் பாறையும் மழையும் நாள்தோறும் உடன்வருபவை. போர்க்காலத்திலோ, மரம் பட்டுப்போனாலும் போகட்டும், பால் மட்டும் மிகுதியாக வேண்டும் என்று குறைந்த பலன் தரும் காணிகளில் அளவிறந்து வெட்டும் முறை கையாளப்பட்டது. தீவின் விளைச்சல் ஆண்டுக்கு ஒரு இலட்சம் தொன் என்னும் அளவை எட்டியது. இந்தியா 1939இலேயே இலங்கைக்குத் தொழிலாளர் வருவதைத் தடைசெய்திருந்தமையால், புதிய கைகள் வந்து சேரவில்லை. இருந்த கைகளே இச்சுமையைத் தாங்கின. பர்மா வீழ்ந்ததனால் அரிசி வரவும் நின்று பங்கீடு வந்தது. தமிழகத்தினின்று வந்த குடும்பங்களும் அயற்கிராமச் சிங்கள மக்களும் ஒரே மலையில், அரைவயிறு உண்டு, ஒரே வேலையைச் செய்தனர்.

பாரியின் பறம்புமலையைச் சங்கப்புலவர் பாடினர். மூவேந்தர் முற்றியிருந்தும் உழவர் உழாத மூங்கில் நெல்லும், பலாவும், வள்ளிக்கிழங்கும், தேனும் தந்து அம்மலை தன் மக்களைக் காத்ததாம். கேகாலை மலைகள் நேர்மாறானவை. அவை பெருக்கியதை அங்குள்ளோர் உண்ண இயலாது. உலகத்தின் போருக்காக அவர்கள் அதனைப் பெருக்கிக் கொடுத்தனர். எனினும் நொச்சித் திணையை விரித்துப் பொருள் கொள்வதாயின், அவர்களும் ஒரு மதிலைக் காத்தவர்களே அல்லரோ?

போர் முடிந்தது. போருக்கு இலங்கை ஆற்றிய பங்கு, அதன் சுயாட்சிக் கோரிக்கைக்கு வலுச் சேர்த்தது. 1948ஆம் ஆண்டு பெப்ரவரி 4ஆம் நாள் நாடு விடுதலை பெற்றது. அவ்வாண்டு நவம்பர் 15ஆம் நாள் 18ஆம் இலக்கப் பிரசாவுரிமைச் சட்டம் நடைமுறைக்கு வந்தது. அச்சட்டத்தின் நிபந்தனைகளால் இந்திய வம்சாவளித் தோட்டத் தொழிலாளரில் மிகப்பெரும்பாலோர் நாடற்றவர் ஆயினர். அடுத்த ஆண்டு வாக்குரிமையும் பறிபோயிற்று. ஒரே மரத்தின் இருபுறமும் நின்று பால் வெட்டியவருள் ஒருவர் குடிமகனாகவும் மற்றவர் அந்நியராகவும் பிரிக்கப்பட்டனர். ஏனைய நாடுகளில் போரைத் தாங்கிய ஊருக்குப் பட்டம் சூட்டிய அதே தலைமுறையில், இங்கே போரைத் தாங்கிய மக்களிடமிருந்து, எவருக்கும் பிறப்பால் உரிய பட்டமாகிய பிரசை என்னும் பெயரே கழற்றப்பட்டது.

1964ஆம் ஆண்டு ஒக்டோபர் 30ஆம் நாள் ஏற்பட்ட சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் என்று பங்கிட்டது. எஞ்சிய 1,50,000 பேரை 1974இல் இரு நாடுகளும் சரிபாதியாகப் பிரித்துக்கொண்டன. மனிதரை இவ்வாறு எண்ணிப் பங்கிட்டதன் விளைவாகக் கடல் கடந்தவருள் சிலருக்குக் கன்னியாகுமரி மாவட்டத்து அரசு இறப்பர்த் தோட்டங்களிலும், கன்னட நாட்டுச் சுள்ளியாப் பகுதியிலும் அதே வேலை கிடைத்தது. நாடு மாறிற்று, கத்தியும் மரமும் மாறவில்லை. இலங்கையில் தங்கியோரின் நாடற்ற நிலைக்கு முடிவு காணும் 35ஆம் இலக்கச் சட்டம் 2003இல்தான் நிறைவேறியது. 1942இல் பால் வெட்டியவருள் அதனைக் கண்ணால் கண்டவர் மிகச் சிலராகவே இருந்திருப்பர்.

இனி ஒரு பதக்கம் வேண்டுமென்று கேட்பது இக்கட்டுரையின் நோக்கமன்று. பட்டங்கள் எத்துணை எளிதில் மாறுவன என்பதை மேலே கண்டோம். வேண்டுவது வேறு. தோட்டங்களின் செக்ரோல் புத்தகங்களில் அன்றைய தொழிலாளரின் பெயர்கள் நாள்கணக்கோடு எழுதப்பட்டிருந்தன. பல புத்தகங்கள் செல்லரித்தும் எரிந்தும் போயின; எஞ்சியவை இருப்பின் அவற்றைத் தேடுதல் வேண்டும். பேரப்பிள்ளைகளின் நினைவில் உள்ள செய்திகளை, அவர்கள் தமிழராயினும் சிங்களவராயினும், கேட்டு எழுதுதல் வேண்டும். மாவனல்லையிலும் கேகாலையிலும் இரத்தினபுரியிலும் உள்ள ஆசிரியரும் மாணவரும் இப்பணியை ஒரு வரலாற்றுப் பாடமாகவே மேற்கொள்ளலாம். இரண்டாம் உலகப்போரைப் படிக்கும் பிள்ளை, லெனின்கிராட்டைப் படிக்கும் அதே பக்கத்தில் தன் பாட்டன் நின்ற மலையின் பெயரையும் படிக்கட்டும்.

நொச்சி சூடியவர்களைப் பாட மோசிசாத்தனார் போன்றோர் அன்று இருந்தனர். இம்மலைகளில் உழைத்தவர்களின் பெயர்களை எழுதிவைக்கவேனும் இன்று சிலர் முன்வர வேண்டும்.