ஏழு நாளா, முப்பது நாளா? வறுமையைப் பாதியாகக் காட்டிய ஒரு கேள்வி

கடந்த ஏழு நாட்களில் உங்கள் வீட்டில் காய்கறிக்கு எவ்வளவு செலவானது? மனக்கணக்காக ஒரு தொகை சொல்லிவிடுவீர்கள். சரி, கடந்த முப்பது நாட்களில் எவ்வளவு? இதற்கும் ஒரு தொகை சொல்வீர்கள். இப்போது முதல் தொகையை நாலே கால் மடங்காக்கி, இரண்டாவது தொகையோடு ஒப்பிட்டுப் பாருங்கள். பெரும்பாலும் இரண்டும் ஒத்துப்போகாது.

நம் வீட்டு அளவில் இது சின்ன வித்தியாசம்தான். ஆனால் 1990-களில் இதே வித்தியாசம் நாட்டின் கணக்கில் நுழைந்தபோது, காகிதத்தில் இந்தியாவின் வறுமை ஏறக்குறைய பாதியாகிவிட்டது. யாருக்கும் கூலி கூடவில்லை, விலைவாசியும் இறங்கவில்லை. கேள்வி மட்டும்தான் மாறியிருந்தது.

தினமும் ஏதாவது ஒரு சர்வே முடிவு நம் செல்போனுக்கு வந்து விழுகிறது. ‘100-க்கு 80 பேர் இதைத்தான் விரும்புகிறார்கள்’ என்று பார்த்தவுடன் நம்பிவிடுகிறோம், அல்லது பார்த்தவுடன் திட்டுகிறோம். இரண்டுக்கும் முன்னால், ஒரு சர்வே எப்படி நடக்கிறது என்று தெரிந்துகொள்வது நல்லது.

ஒரு சோறு போதுமா?

ஒரு பானை சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்பது நமக்குத் தெரிந்த விஷயம். சர்வேயின் அடிப்படையும் அதுதான். நாட்டில் உள்ள அத்தனை வீடுகளிலும் ஏறி இறங்காமல், சில ஆயிரம் வீடுகளை மட்டும் கேட்டு முழு நாட்டின் நிலைமையைக் கணிக்கிறார்கள்.

இந்தியாவில் இதைப் பெரிய அளவில் வளர்த்தவர் கொல்கத்தாவைச் சேர்ந்த பி.சி. மஹலனோபிஸ். அவரது முயற்சியில்தான் 1950-ல் ‘தேசிய மாதிரி ஆய்வு’ தொடங்கியது. அவர் பிறந்த ஜூன் 29-ம் தேதியைத்தான் தேசிய புள்ளியியல் தினமாகக் கொண்டாடுகிறோம்.

நாடு முழுக்கவும் இருந்து குலுக்கல் முறையில் ஊர்களைத் தேர்ந்தெடுப்பார்கள். பிறகு அந்த ஊர்களில் வீடுகளைத் தேர்ந்தெடுப்பார்கள். 2022-23-ல் நடந்த வீட்டு நுகர்வுச் செலவு ஆய்வில் இப்படிக் கேட்கப்பட்ட வீடுகள் 2,61,746. மொத்த இந்தியாவின் சமையலறைக் கணக்கும் அந்த வீடுகளின் பதில்களிலிருந்துதான் எழுதப்பட்டது.

இதில் ‘குலுக்கல்’ என்பதுதான் உயிர்நாடி. சாம்பாரை நன்றாகக் கலக்கிவிட்டால் ஒரு கரண்டியில் உப்பு தெரிந்துவிடும். கலக்காமல் மேலாக எடுத்தால் பத்துக் கரண்டி குடித்தாலும் தெரியாது.

கவிழ்ந்த 24 லட்சம் பதில்கள்

அமெரிக்காவில் ‘லிட்டரரி டைஜஸ்ட்’ என்ற புகழ்பெற்ற வார இதழ் இருந்தது. 1936 அதிபர் தேர்தலுக்கு முன் அது சுமார் ஒரு கோடி பேருக்கு மாதிரி வாக்குச்சீட்டு அனுப்பியது. 20 லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள், கிட்டத்தட்ட 24 லட்சம் பேர், நிரப்பி அனுப்பினார்கள். அதை எண்ணிப் பார்த்து, ‘லாண்டன் ஜெயிப்பார்’ என்று இதழ் அறிவித்தது. நடந்தது வேறு. மொத்தமிருந்த 48 மாநிலங்களில் 46-ஐ ரூஸ்வெல்ட் அள்ளிக்கொண்டு போனார்.

ஜார்ஜ் காலப் என்பவர் சுமார் 50 ஆயிரம் பேரை மட்டும் கேட்டு, ரூஸ்வெல்ட்தான் ஜெயிப்பார் என்று சரியாகச் சொல்லியிருந்தார்.

லட்சங்கள் ஏன் தோற்றன? அந்த இதழ் முகவரிகளை எடுத்தது டெலிபோன் டைரக்டரியிலிருந்தும் கார் பதிவுப் பட்டியலிலிருந்தும். நாடே வேலையில்லாமல் தவித்த காலம் அது. போனும் காரும் வசதியானவர்களிடம்தான் இருந்தன. அதோடு, சீட்டு கிடைத்தவர்களில் நான்கில் ஒருவர்தான் பதில் அனுப்பினார். ஆட்சி மீது கோபம் உள்ளவர்கள் முந்திக்கொண்டு அனுப்பினார்கள். மற்றவர்கள் சும்மா இருந்துவிட்டார்கள். இரண்டே வருடத்தில், 1938-ல், இதழும் நின்றுபோனது.

வாட்ஸ்அப் குழுவிலும் யூடியூப் சேனலிலும் நடக்கும் வாக்கெடுப்புகள் இந்த ரகம்தான். லட்சம் பேர் வாக்களித்தாலும், அவர்கள் அந்த சேனலைப் பார்ப்பவர்கள் மட்டுமே. அதே சமயம், முறையான குலுக்கலில் தேர்ந்த 1,000 பேரைக் கேட்டாலே, 100-க்கு 3 கூடவோ குறையவோ என்ற அளவுக்குள் பெரும்பாலும் உண்மையை நெருங்கிவிடலாம்.

கொத்தமல்லிக் கட்டும் பொங்கல் வெல்லமும்

சரியான ஆட்களைத் தேர்ந்தெடுத்தாயிற்று. இனி என்ன கேட்பது? அங்கேதான் இந்தியாவின் வறுமைக் கணக்கு சிக்கிக்கொண்டது.

முப்பது நாள் செலவைக் கேட்டால் நமக்கு மறதி வந்துவிடும். நடுவில் வாங்கிய கொத்தமல்லிக் கட்டு, பிள்ளைக்கு வாங்கித் தந்த பஜ்ஜி, வீட்டுக்காரர் கடையில் குடித்த டீ எல்லாம் விட்டுப்போகும். தொகை குறையும். ஏழு நாள் செலவைக் கேட்டால் வேறு தவறு நடக்கும். பத்து நாளைக்கு முன் வாங்கிய பொங்கல் வெல்லம் போன வாரம் வாங்கியது போலவே தோன்றும். தொகை கூடும்.

மஹலனோபிஸ் குழு இதை அப்போதே யோசித்திருந்தது. 1952-ல் மேற்கு வங்காளத்தில் சில வீடுகளில் உணவுப் பொருட்களை ஊழியர்களே எடை போட்டுப் பார்த்தார்கள். வாரக் கணக்கு, மாதக் கணக்கு என இரண்டு விதமாகவும் கேட்டு ஒப்பிட்டார்கள். எடைக்கு நெருக்கமாக வந்தது மாதக் கணக்குதான். அதிலிருந்து பல பத்தாண்டுகள் 30 நாள் கேள்வியே நிலைத்தது.

1990-களின் நடுவில் மறுபடியும் சோதித்தார்கள். சில வீடுகளில் பழைய 30 நாள் கேள்வி. வேறு சில வீடுகளில் உணவுக்கு 7 நாள் கேள்வி. இரண்டாவது வகை வீடுகளில் செலவு கணிசமாகக் கூடித் தெரிந்தது. செலவு கூடினால் வறுமைக்கோட்டைத் தாண்டுகிறவர்களும் கூடுவார்கள். அந்தக் கணக்குப்படி ஏழைகளின் எண்ணிக்கை ஏறக்குறைய பாதியானது.

குழப்பம் அதோடு முடியவில்லை. 1999-2000 ஆய்வில் ஒரே வீட்டில் இரண்டு கேள்விகளையும் அடுத்தடுத்துக் கேட்டார்கள். ஒரு பதிலைச் சொன்னவர், அடுத்த பதிலை அதற்கேற்பச் சரிக்கட்டிச் சொல்லும் வாய்ப்பு வந்துவிட்டது. 1993-94-ல் 100-க்கு 36 ஆக இருந்த வறுமை, 26 ஆகக் குறைந்ததாக முடிவு வந்தது. நிஜமாகவே குறைந்ததா, கேள்வியால் குறைந்ததா? பொருளாதார அறிஞர்கள் வருடக்கணக்கில் மல்லுக்கட்டினார்கள். பின்னாளில் நோபல் பரிசு பெற்ற ஆங்கஸ் டீட்டனும் வலேரி கோசலும் சேர்ந்து, இந்த விவாதக் கட்டுரைகளை ‘தி கிரேட் இந்தியன் பாவர்ட்டி டிபேட்’ என்ற தனிப் புத்தகமாகவே தொகுத்தார்கள்.

இப்போது ஒரு நடுவழி கண்டிருக்கிறார்கள். அரிசி, பருப்புக்கு 30 நாள். காய்கறி, பழம், முட்டை, மீனுக்கு 7 நாள். துணிமணி, பள்ளிக் கட்டணம், ஆஸ்பத்திரியில் தங்கிப் பார்த்த வைத்தியம் போன்றவற்றுக்கு 365 நாள். 2022-23 ஆய்வில் எல்லாவற்றையும் ஒரே மூச்சில் கேட்காமல், ஒவ்வொரு வீட்டுக்கும் மூன்று முறை போய்க் கேட்டார்கள்.

ஒரு வார்த்தை போதும்

கால அளவைப் போலவே வார்த்தையும் ஆளை மாற்றும். 1940-களின் தொடக்கத்தில் அமெரிக்காவில் ஒரு சோதனை நடந்தது. ‘ஜனநாயகத்துக்கு எதிரான மேடைப் பேச்சை அனுமதிக்கலாமா?’ என்று கேட்டபோது, கருத்துச் சொன்னவர்களில் 100-க்கு 75 பேர் ‘அனுமதிக்கக் கூடாது’ என்றார்கள். வேறு ஒரு கூட்டத்தாரிடம் ‘தடை செய்யலாமா?’ என்று கேட்டபோது, ‘தடை செய்யலாம்’ என்றவர்கள் 54 பேர்தான். இரண்டுக்கும் பொருள் ஒன்றுதான். ஆனால் ‘தடை’ என்ற சொல் காதில் கடுமையாக விழுந்தது.

கேள்வி கேட்பதற்கென்றே ஸ்டான்லி பெய்ன் 1951-ல் ஒரு புத்தகம் எழுதினார். ‘தி ஆர்ட் ஆஃப் ஆஸ்கிங் க்வெஸ்சன்ஸ்’ என்ற அந்தப் புத்தகம் சர்வே துறையில் இன்றும் பேசப்படுகிறது.

கதவைத் திறப்பவர் யார்?

வீட்டில் யாரிடம் கேட்பது என்பதும் லேசான விஷயமல்ல. காலை 11 மணிக்குக் கதவைத் தட்டினால் மாமியாரோ, வேலைக்குப் போகாத மருமகளோதான் திறப்பார்கள். திறந்தவரையே கேட்டுவிட்டுப் போனால், வேலைக்குப் போனவர்களின் கருத்து விட்டுப்போகும். இதற்காக, வீட்டில் உள்ள பெரியவர்களை வரிசைப்படுத்தி, ஓர் அட்டவணையை வைத்து ஒருவரைத் தேர்ந்தெடுக்கும் முறையை லெஸ்லி கிஷ் 1949-ல் வகுத்தார். அவர் 1965-ல் எழுதிய ‘சர்வே சாம்பிளிங்’ இத்துறை மாணவர்களுக்கு அடிப்படை நூல்களில் ஒன்று.

பக்கத்தில் யார் நிற்கிறார்கள் என்பதும் முக்கியம். ‘வீட்டில் முடிவெடுப்பது யார்?’ என்ற கேள்விக்கு, கணவர் அருகில் இருக்கும்போது வரும் பதிலும் இல்லாதபோது வரும் பதிலும் ஒன்றாக இருக்குமா என்ன!

நம்புவதற்கு முன் ஐந்து கேள்விகள்

அடுத்த முறை ஒரு சர்வே செய்தி வந்தால் இவற்றைக் கேட்டுப் பாருங்கள்.

1. நடத்தியது யார், பணம் கொடுத்தது யார்?

2. ஆட்களைத் தேர்ந்தெடுத்தார்களா, அல்லது விரும்பியவர்கள் தாங்களாக வந்தார்களா?

3. கேட்டவர்களில் எத்தனை பேர் பதில் சொன்னார்கள்?

4. கேட்ட கேள்வி வார்த்தைக்கு வார்த்தை என்ன?

5. எப்போது கேட்டார்கள்? பழைய சர்வேயோடு ஒப்பிட்டால், அப்போதும் இதே கேள்விதானா?

இதில் இரண்டு, மூன்றுக்காவது பதில் இல்லையென்றால், அந்தச் செய்தியை ஃபார்வர்டு செய்யாமல் விடுவதே நல்லது.

ஒருவேளை, குலுக்கலில் உங்கள் வீடே தேர்வாகி அரசு ஊழியர் வந்தால்? முதலில் அடையாள அட்டையைப் பாருங்கள். ஓ.டி.பி., வங்கிக் கடவு எண் எல்லாம் எந்த நேர்மையான ஆய்வுக்கும் தேவையில்லை. அதன் பிறகு பொறுமையாக உட்கார்ந்து பதில் சொல்லுங்கள். கௌரவத்துக்காகக் கூட்டியும் வேண்டாம், சலுகை கிடைக்கும் என்று குறைத்தும் வேண்டாம். நினைவில்லை என்றால் ‘நினைவில்லை’ என்றே சொல்லலாம். நீங்கள் சொல்லும் கணக்கு, ஆயிரத்துக்கும் மேற்பட்ட வீடுகளின் சார்பாக ஏட்டில் ஏறுகிறது. அந்த வீடுகளில் அடுப்பு எரிகிறதா இல்லையா என்பதை அரசு தெரிந்துகொள்ளும் வழிகளில் அதுவும் ஒன்று.