படச்சுருளுக்குள் ஒரு டேனரி

1971-இல் ஸ்காட்லாந்துத் தொலைக்காட்சியில் நிகழ்ச்சிகளுக்கு நடுவே, அறிவிப்பே இல்லாமல், ஒரு தண்ணீர்க் குழாய் தோன்றியது. தண்ணீர் கொட்டக் கொட்ட, டிவி பெட்டியே தொட்டிபோல நிரம்பியது. டேவிட் ஹால் என்ற கலைஞரின் சோதனைக் குறும்படம் அது. அதற்கு முன்பே, 1964-இல், பீட்டர் வாட்கின்ஸ் பிபிசிக்காக ‘கல்லோடன்’ எடுத்திருந்தார். 1746-இல் நடந்த போரை, செய்திக் குழுவினர் களத்தில் நின்று பேட்டி எடுப்பதுபோலக் காட்டிய படம் அது.

இப்படிப்பட்ட துணிச்சலுக்குக் கைகொடுத்தது 16 மி.மீ. படச்சுருள். கோடக் நிறுவனம் 1923-இல் அதை வீட்டுப் பயன்பாட்டுக்காகக் கொண்டுவந்தது. கேமராவைத் தோளில் வைத்துக்கொண்டே ஓடலாம். 100 அடிச் சுருளில் 4,000 சட்டகங்கள். நொடிக்கு 25 என்ற பிரிட்டிஷ் தொலைக்காட்சிக் கணக்கில் 2 நிமிடம் 40 நொடி ஓடும்.

அந்தச் சுருளின் சூட்சுமம் ஆம்பூர், வாணியம்பாடி, ராணிப்பேட்டையில் தோல் பதனிடும் டேனரிக்காரர்களுக்குப் பழக்கமானது. பிளாஸ்டிக் பட்டையின் மேல் ஒளியை உணரும் வெள்ளி உப்புத் துகள்களைப் பிடித்துவைப்பது ஜெலட்டின். மாட்டுத்தோல், எலும்பு ஆகியவற்றில் உள்ள கொலாஜன் என்ற புரதத்திலிருந்து அது கிடைக்கிறது. சுண்ணாம்பில் ஊறிய தோலில் வெட்டி ஒதுக்கும் துண்டுகளைக் கழுவி வெந்நீரில் காய்ச்சினால் கொலாஜன் கரைந்து ஜெலட்டினாகும். குரோம் ஏற்றிப் பதனிட்ட தோல் அவ்வளவு எளிதில் கரையாது. குரோமியம் கொலாஜன் இழைகளை ஒன்றோடொன்று பிணைத்துவிடும்.

ஜெலட்டின் குளிர்நீரில் உப்பும், ஆனால் கரையாது. அதனால் படத்தைக் கழுவும் ரசாயனம் உள்ளே இறங்கும், வெள்ளி மட்டும் இடம் மாறாது. கழுவும்போது அது இளகாமலிருக்க குரோம் படிகாரம் சேர்ப்பதும் உண்டு. டேனரி டிரம்மில் தோலுக்கு நடப்பதேதான் இங்கும் நடக்கிறது.

மாடு தின்ற தீவனத்துக்கும் இதில் பங்குண்டு. சில ஜெலட்டின்களில் படம் துல்லியமாக விழுவதும் சிலவற்றில் மங்குவதும் ஏன் என்று கோடக் ஆய்வாளர் சாமுவேல் ஷெப்பர்ட் தேடினார். கடுகுச் செடி போன்றவற்றிலிருந்து வரும் கந்தகச் சேர்மமே ஒளியுணர்வைக் கூட்டுகிறது என்று 1925-இல் கண்டறிந்தார். கோடக்கின் ஜெலட்டின் ஆலையே அமெரிக்காவின் பீபாடியில்தான் இருந்தது. தோல் தொழிலுக்குப் பேர்போன ஊர் அது.

நம் ஊட்டியிலும் 1967 முதல் இந்துஸ்தான் போட்டோ பிலிம்ஸ் படச்சுருள் தயாரித்தது. டிஜிட்டல் கேமரா வந்ததும் சுருளின் காலம் பெரும்பாலும் முடிந்தது. ஆனாலும் இன்று புதிதாக உருவாகும் சுருளிலும் வெள்ளியைத் தாங்குவது ஜெலட்டின்தான். அதற்கு ஈடான மாற்றுப் பொருள் இன்னும் வரவில்லை.