கட்டியகாரனின் பெயர்மாற்றம்: விளையாட்டுக் காணொளித் தொடர்களின் முகப்புப் பற்றிச் சில குறிப்புகள்

1

ஒரு கலைவடிவம் எத்தகைய சமூக உறவுகளின் மேல் நிலைகொண்டுள்ளது என்பதை அறிவதற்கு அதன் தொடக்கம் நல்லதொரு சான்றாகும். முதலிற் பேசுபவர் யார், அவர் யாருடைய பெயரை முதலில் உரைக்கிறார், யாரை விளித்து உரைக்கிறார் என்னும் மூன்று வினாக்களுக்கும் விடை கண்டால், அக்கலையைப் பேணுவோர் யாவர் என்பது பெரும்பாலும் புலனாகிவிடும். இலக்கியத்துக்கும் கூத்துக்கும் நன்கு பொருந்தும் இவ்வினாக்களை, இன்றைய இளைஞர் விரும்பிப் பார்த்து வரும் கணினி விளையாட்டுக் காணொளித் தொடர்களிடத்தும் எழுப்பிப் பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கமாகும். ஒருவர் விளையாடிக்கொண்டோ விளையாட்டை விமர்சித்துக்கொண்டோ பேச, அதனைப் பிறர் பார்த்து மகிழும் இத்தொடர்கள் ஆய்வுக்குரியனவல்ல என்று தமிழியலாளர் சிலர் கருதக்கூடும். நாட்டுக்கூத்தும் ஒரு காலத்தில் அவ்வாறே கருதப்பட்டது. பேராசிரியர் சு. வித்தியானந்தன் மன்னார்ப் பிரதேசத்து ‘எண்டிறீக்கு எம்பரதோர் நாடக’த்தை 1964இற் பதிப்பித்து வெளியிட்ட பின்னரே அப்பிரதேசக் கூத்துக்கள் பல்கலைக்கழகத்தாரின் கவனத்துக்கு உரியனவாயின என்பதை இங்கு நினைவூட்டலாம்.

இவ்வினாவை என்னுள் எழுப்பியவர் தாராபுரத்து மாணவர் ஒருவர். தாராபுரம், மன்னார்த் தீவில் நகரிலிருந்து தலைமன்னார் செல்லும் வீதியில் அமைந்த முஸ்லிம் கிராமம். 1990 ஒக்ரோபரில் வடமாகாண முஸ்லிம்கள் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்டபோது தீவின் ஏனைய முஸ்லிம் ஊர்களைப் போன்று இதுவும் வெறுமையாயிற்று. மக்கள் கடல்வழியே கற்பிட்டியை அடைந்து புத்தளம் பகுதியிற் குடியேறினர். அம்மாணவரின் பெற்றோர் அவ்வாறு சென்று, போர் முடிந்த பின்னர் ஊர் திரும்பியோர்.

அவர் கைத்தொலைபேசியில் விளையாடியவாறு பேசிப் பதிவுசெய்த காணொளிகள் சிலவற்றை எனக்குக் காட்டினார். முதற் காணொளிகள் ஸலாத்துடன் தொடங்கின. தொடர்ந்து தம் பெயரையும், தாம் மன்னார் தாராபுரத்திலிருந்து பேசுவதையும் கூறினார். ஓராண்டின் பின் இம்முகப்பு மறைந்து, தீப்பிழம்பிடையே எழுத்துக்கள் சுழலும் எட்டு விநாடி இசைப்படம் அதனிடத்தைப் பிடித்தது. அவரது பெயருடன் விளையாட்டின் பெயரும் ஒட்டிக்கொண்டது. இப்பொழுது அதுவும் இல்லை. வெற்றியோ தோல்வியோ நிகழும் கணத்திலேயே காணொளி தொடங்குகிறது. எந்த நாட்டார் என்று ஊகிக்க முடியாத ஒரு புனைபெயரைச் சூடிக்கொண்டு, சென்னைப் பேச்சின் சாயலில் அவர் பேசுகிறார். காரணம் கேட்டபோது, “ஊர்ப் பேரச் சொல்லிக்கிட்டிருந்தா ஆக்கள் போயிடுறாங்க சேர், கோட்டப் பாருங்க” என்று திரையில் இறங்கிச் செல்லும் வரைகோட்டைக் காட்டினார்.

இம்மூன்று மாற்றங்களும் ஓர் இளைஞரின் சொந்த இரசனையால் விளைந்தவையா? அன்றி அவரை மீறிய ஒரு சமூக இயக்கத்தின் தடங்களா?

2

மரபுவழிக் கூத்திலிருந்து தொடங்குவோம். காப்புப் பாடலின் பின் களரிக்கு வரும் கட்டியகாரன் அரசனின் வருகையைச் சபையோருக்கு அறிவிக்கின்றான். அவனை ஆடுபவர் இன்னாரின் மகன் என்பதைச் சபையோர் யாவரும் அறிவர். ஆயினும் பாத்திரமாகிய கட்டியகாரனுக்குத் தனிப்பெயர் கிடையாது. ஊர் கூடிச் செலவிட்டு, ஊரவரே ஆடி, ஊரவரே பார்க்கும் கலையில் அறிவிப்போனுக்குத் தனி அடையாளம் தேவைப்படவில்லை. ஊரின் பெயரே அவனுடைய பெயருமாகும்.

செய்யுள் இலக்கியத்தின் நிலை சற்று வேறுபட்டது. ஆக்குவோனுக்குச் சோறிட்டவன் நூலுக்குள்ளேயே இடம்பெறுகின்றான். கம்பர் சடையப்ப வள்ளலைப் பாடியதும், உமறுப்புலவர் சீறாப்புராணத்தில் அபுல்காசிம் மரைக்காயரைப் போற்றியதும் யாவரும் அறிந்தவை. எனினும் இறைவாழ்த்து முதலில் வருகிறது. புரவலர் நூலின் இடையிடையேதான் தோன்றுகிறார். நிலவுடைமைச் சமூகத்துப் புரவலரும் வணிகப் புரவலரும் நூலின் தலைப்பைத் தமதாக்கிக் கொள்ளவில்லை. தலைப்பைக் கைப்பற்றும் ஆற்றல் பிற்கால மூலதனத்துக்கே வாய்த்தது.

3

அது நிகழ்ந்த களங்களுள் நம் நாட்டு வானொலி முக்கியமானது. இரண்டாம் உலகப் போரின்போது நேசநாட்டுப் படையினர் கொழும்பில் நிறுவிய ஆற்றல்மிக்க ஒலிபரப்புக் கருவிகள் பின்னர் இலங்கை அரசின் கைக்கு வந்தன. 1950இல் வர்த்தக சேவை தொடங்கியது. 1952இல் பி. வி. கேஸ்கர் இந்திய ஒலிபரப்பு அமைச்சராகிச் சினிமாப் பாடல்களைக் கட்டுப்படுத்தவே, இந்திய நேயர்கள் கொழும்பின் பக்கம் திரும்பினர். அதே ஆண்டில் அமீன் சயானியின் ‘பினாக்கா கீத்மாலா’ தொடங்கிற்று. பற்பசையின் பெயர் நிகழ்ச்சியின் தலைப்பில் முதற்சொல்லாய் அமைந்தது. பற்பசையின் பெயர் மாறியபோது நிகழ்ச்சியும் ‘சிபாக்கா கீத்மாலா’ ஆயிற்று. பிற்காலத்திற் கோல்கேட் என்னும் பெயரும் முன்னே சேர்ந்தது. பாடலோ, அறிவிப்பாளரோ, நேயர்களோ இப்பெயர்களை வேண்டவில்லை. கொம்பனிகளின் கொடுக்கல் வாங்கல்கள் ஒரு நிகழ்ச்சியின் தலைப்பில் எழுதப்பட்டன. மாறாது நின்றது சயானியின் குரலும் அவர் நேயரை விளிக்கும் முறையுமே.

தமிழில் இதற்கு இணையானது ‘பாட்டுக்குப் பாட்டு’. ஓர் எழுத்தைக் கொடுத்து, அவ்வெழுத்திலே தொடங்கும் பாடலைப் பாடச் செய்யும் இவ்விளையாட்டு பி. எச். அப்துல் ஹமீது அவர்களின் குரலில் இலங்கை வானொலிவழி புகழ்பெற்றது. 1993இல் சன் தொலைக்காட்சி தோன்றிய பின்னர் அது சென்னைக்குச் சென்று, நகைக்கடையொன்றின் பெயரைத் தாங்கி ‘லலிதாவின் பாட்டுக்குப் பாட்டு’ ஆயிற்று. எழுத்தும் பாட்டும் மக்களுடையவை. ஆயினும் முகப்பிலே உடைமையைக் குறிக்கும் ஆறாம் வேற்றுமை உருபு ஏறிவிட்டது. இலக்கணமே உடைமையுறவைச் சொல்லிவிடும் இடங்களுள் இதுவும் ஒன்று.

இன்னும் ஒரு படி மேலே சென்றது ‘பெப்சி உங்கள் சாய்ஸ்’. இங்கு குளிர்பானத்தின் பெயர் நிகழ்ச்சியிலிருந்து அறிவிப்பாளர் மீதே தாவியது. அதனை நடத்தியவரை இரசிகர்கள் ‘பெப்சி உமா’ என்றே அழைத்தனர். இன்றும் அவ்வாறே நினைவுகூர்கின்றனர். ஊரின் பெயரும் தந்தையின் பெயரும் முன்னே நின்ற இடத்தில் ஒரு பண்டத்தின் பெயர் வந்து நின்றது. அனுசரணை முடிவுற்ற பின்னரும் அது உதிரவில்லை.

4

இப்பின்னணியில் விளையாட்டுக் காணொளியை நோக்கலாம். இவ்வகையின் முன்னோடிகளுள் ஒருவரான அமெரிக்கர் ஜேம்ஸ் றோல்ஃப், 2004இல் ‘காசில்வேனியா’ விளையாட்டின் இரண்டாம் பாகத்தைக் கடிந்து ஒரு சிறுபடம் எடுத்தார். நண்பர்களுக்கென எடுக்கப்பட்ட அதற்கு முகப்பிசை எதுவும் இருக்கவில்லை. வெள்ளைச் சட்டை, பையிற் சில பேனாக்கள், மூக்குக்கண்ணாடி, அடங்காத சினம் ஆகியவற்றைக் கொண்ட அப்பாத்திரத்துக்குச் ‘சினங்கொண்ட நின்ரெண்டோப் பித்தன்’ எனப் பொருள்படும் பெயர் அமைந்தது. 2006இல் அப்படங்கள் யூரியூபில் ஏற்றப்பட்டுப் பெரும் வரவேற்பைப் பெற்றன. அதன்பின் பெயரிலிருந்து நின்ரெண்டோ நீங்கி, ‘சினங்கொண்ட காணொளி விளையாட்டுப் பித்தன்’ என்றாயிற்று. வேறு கொம்பனிகளின் விளையாட்டுக்களையும் விமர்சிக்கத் தொடங்கியமை ஒரு காரணம்; வர்த்தகக் குறிச் சட்டத்தால் வழக்கு நேரலாம் என்னும் முன்னெச்சரிக்கை மற்றொன்று. கைல் ஜஸ்டின் அமைத்த முகப்புப் பாடல் இம்மாற்றத்தின் படிவத்தைத் தன்னுள் வைத்திருக்கிறது. பழைய பெயரை முதலிற் கூறி, போட்டிக் கொம்பனிகளின் பெயர்களையும் அடுக்கி, இறுதியிலேதான் அது பொதுப்பெயரை வந்தடைகிறது.

பெப்சி உமாவையும் நின்ரெண்டோப் பித்தனையும் அருகருகே வைத்து நோக்கினால் ஓர் உண்மை துலங்கும். முன்னையதிற் கொம்பனி தன் பெயரைத் தானே முன்வந்து கொடுத்தது. பெயரைச் சுமப்பவர் அதற்கு விளம்பரமானார். பின்னையதிற் கலைஞன் அப்பெயரைக் கேளாமல் எடுத்து, எள்ளலுக்குப் பயன்படுத்தினான். ஆகவே அச்சத்துடன் அதைக் கைவிட நேர்ந்தது. பெயர் ஒட்டுவதும் உதிர்வதும் பேசுவோனின் விருப்பத்தில் இல்லை. பெயர் தனியுடைமையாகிவிட்ட சமூகத்தில் அவ்வாறு இருக்கவும் முடியாது.

5

இதன் பொருளாதார அடித்தளத்தை விளங்கிக்கொள்ள, மார்க்ஸ் ‘மூலதனம்’ மூன்றாம் பாகத்தில் (1894) நிலவாரம் பற்றி ஆராய்ந்தவை இன்றும் பயன்படுகின்றன. நிலத்தை உடையவன் உழைப்பதில்லை. ஆனால் நிலத்தினூடாகவன்றி உழைப்பு நிகழ இயலாதாகையால் விளைவில் ஒரு பங்கைப் பெறுகின்றான். விளையாட்டுக் காணொளியில் இத்தகைய நிலவுடைமையாளர் இருவர் உளர்.

முதலாமவர் விளையாட்டை உடைய கொம்பனி. 2013இல் நின்ரெண்டோ, தன் விளையாட்டுக்கள் தோன்றும் காணொளிகளின் விளம்பர வருவாய்க்கு உரிமை கோரிற்று. 2015இல் ஒரு பங்கீட்டுத் திட்டத்தை வகுத்து, பதிவு செய்தோருக்கு வருவாயின் ஒரு பகுதியை அளித்தது. எதிர்ப்புக்கள் தொடர்ந்த நிலையில் 2018 இறுதியோடு அத்திட்டத்தைக் கைவிட்டது. பெயரை நீக்கினாலும் வாரம் நீங்காது என்பதற்கு இது சான்று.

இரண்டாமவர் களரியையே உடையவர். கூகிள் 2006இல் 165 கோடி டொலருக்கு யூரியூபை வாங்கி, 2007இல் விளம்பர வருவாயைக் காணொளி ஆக்குவோருடன் பகிரத் தொடங்கிற்று. 2018இல் அப்பங்கைப் பெறுவதற்கு ஆயிரம் சந்தாதாரரும், பன்னிரண்டு மாதத்தில் நாலாயிரம் மணிநேரப் பார்வையும் வேண்டும் என விதித்தது. இங்கு அளக்கப்படுவது பார்வையாளரின் நேரம். எந்த விநாடியில் எத்தனை பேர் விலகினர் என்பது ஆக்குவோனுக்கு வரைகோடாகக் காட்டப்படுகிறது. தாராபுரத்து மாணவர் எனக்குக் காட்டியது இக்கோட்டையே. ஆலை முதலாளி தொழிலாளியின் நிமிடங்களை அளந்தான். இங்கு தொழிலாளியே தன் விநாடிகளை அளந்து, தன் முகப்பைத் தானே வெட்டிக்கொள்கிறான். கண்காணி வெளியே இல்லாமையால், இது தன் சொந்தத் தெரிவென்றே அவனுக்குத் தோன்றுகிறது.

இப்போது அம்மாணவரின் மூன்று முகப்புக்களும் ஒழுங்குபடுகின்றன. ஸலாமும் ஊர்ப்பெயரும் கொண்ட முதலாவது கூத்தின் உலகைச் சேர்ந்தது: அறிந்தவர் அறிந்தவரை விளிப்பது. விளையாட்டின் பெயரை ஒட்டிக்கொண்ட இரண்டாவது, அனுசரணையில்லாமலே அனுசரணையாளரின் பெயரைச் சுமப்பது. இது ஆபத்தானதுமாகும். 2020 செப்ரெம்பரில் இந்திய அரசு பப்ஜி விளையாட்டைத் தடைசெய்தது போன்ற ஓர் ஆணை, அவ்விளையாட்டின் பெயராலேயே அறியப்படும் ஒருவரை ஒரே நாளிற் பெயரற்றவராக்கிவிடும். மூன்றாவது, எவ்விடத்தவருமல்லாத ஒருவர் எவரென்றறியாத ஒருவருக்குப் பேசுவது. சந்தை பரந்துபட்டதாகையால் ஊரும் பேச்சும் அதற்குத் தடைகளாகத் தென்படுகின்றன.

6

இவ்விடத்தில் இரு எதிர்வாதங்களைக் கருதவேண்டும். தமிழ் மரபு அழிகிறது என்று ஓலமிட்டு, இளைஞரைக் குறைகூறுவோர் ஒரு சாரார். அவர்கள் விளைவைக் கண்டு காரணத்தைக் காணாதோர். சந்தை ஒருவனது ஊரை அவனுடைய வாயிலிருந்து அகற்றும்போது அவனையே குற்றவாளியாக்குதல் நீதியன்று. புதிய ஊடகம் எவருக்கும் திறந்திருக்கிறது, ஆகவே சனநாயகமானது என்று மகிழ்வோர் மறுசாரார். மன்னாரில் ஒரு மாணவர் எவருடைய அனுமதியுமின்றிப் பேசமுடிவது மெய்யான முன்னேற்றமே. அதனை மறுப்பது பிற்போக்காகும். ஆயின் கதவு திறந்திருப்பதும், உள்ளே நுழைகையிற் பெயரைக் கழற்றி வைக்கவேண்டியிருப்பதும் ஒரே சமயத்தில் உண்மையாகும் முரண்பாட்டை அவர்கள் கவனிப்பதில்லை.

தாராபுரத்தைப் பொறுத்தவரை இம்முரண்பாடு வெறும் கோட்பாட்டுப் பிரச்சினை அன்று. ஆயுதத்தால் ஊரைவிட்டு அகற்றப்பட்ட ஒரு தலைமுறை இருபதாண்டளவு அந்த ஊர்ப்பெயரை வாயிலே சுமந்து காத்தது. திரும்பி வந்தவர்களின் பிள்ளை, எவரும் வற்புறுத்தாமலே, ஒரு வரைகோட்டைப் பார்த்து அப்பெயரை விட்டுவிடுகிறார். இரண்டையும் சமப்படுத்துவது தவறு. முன்னையது கொடுமை, பின்னையது பிழைப்பு. ஆயினும் ஊர்ப்பெயர் எத்தனை வழிகளில் இழக்கப்படலாம் என்பதை இரண்டும் சேர்ந்தே நமக்கு உணர்த்துகின்றன.

ஆய்வாளர் செய்யக்கூடியது சிறிதாயினும் உண்டு. கூத்துப் பிரதிகளை முன்னோர் தேடித் தொகுத்தது போன்று, இம்முகப்புக்களையும் அவை மாறிய வரிசையில், ஆண்டும் காரணமும் குறித்துச் சேகரித்தல் வேண்டும். முகப்பை மாற்றியவுடன் பழையது அழிக்கப்பட்டுவிடுகிறது. அம்மாணவரிடமும் முதற் காணொளிகளுள் இரண்டே எஞ்சியிருந்தன. அவற்றை அழிக்க வேண்டாமென்று கேட்டுக்கொண்டேன். “அதை யார் சேர் பார்க்கப் போறாங்க?” என்றார். அவ்வினாவுக்குரிய விடை அவரிடத்தன்று, நம்மிடத்தேதான் உள்ளது.