புள்ளலூரிலிருந்து நிலவு வரை: ராக்கெட் வரலாற்றில் நம் மண்

2023 ஆகஸ்ட் 23. மஃரிப் பாங்குக்குச் சற்று முன், மாலை 6.04 மணிக்கு சந்திரயான்-3 நிலவின் தென் துருவப் பகுதியில் பத்திரமாக இறங்கியது. அந்தத் திட்டத்தின் இயக்குநர் வீரமுத்துவேல் விழுப்புரத்துக்காரர். ரயில்வே ஊழியரின் மகன். ஊரிலேயே ரயில்வே பள்ளியில் படித்து, பாலிடெக்னிக்கில் டிப்ளமோ முடித்து, பிறகுதான் பொறியியலும் சென்னை ஐஐடியில் முனைவர் பட்டமும் பெற்றார். குயிலாப்பாளையம், திண்டிவனம் பக்கத்துப் பிள்ளைகளுக்கு இதைவிடப் பக்கத்தில் ஓர் உதாரணம் கிடைக்காது.

ராக்கெட் எப்படிப் பறக்கிறது?

ஊதிய பலூனின் வாயைக் கட்டாமல் விட்டால், காற்று ஒரு பக்கம் வெளியேற பலூன் எதிர்ப்பக்கம் பாய்கிறது. ராக்கெட்டும் அப்படித்தான். விண்வெளியில் காற்று இல்லாததால், எரிபொருளோடு அதை எரிக்கத் தேவையான ஆக்சிஜனையும் அதுவே சுமந்து செல்ல வேண்டும். பூமியைச் சுற்றி வர நொடிக்கு ஏறத்தாழ 8 கிலோமீட்டர் வேகம் வேண்டும். அதனால்தான் பல அடுக்குகள். எரிந்து முடிந்த அடுக்கைக் கழற்றிவிட்டு, எடை குறைந்து மேலே போகிறது. சந்திரயான்-3ஐ ஏற்றிச் சென்ற ராக்கெட்டின் எடை சுமார் 640 டன். அது சுமந்த விண்கலமோ 4 டன்னுக்கும் குறைவு.

திப்பு முதல் கலாம் வரை

1780 செப்டம்பரில் காஞ்சிபுரம் அருகே புள்ளலூரில் ஹைதர் அலியும் அவர் மகன் திப்புவும் கிழக்கிந்தியக் கம்பெனிப் படையைத் தோற்கடித்தார்கள். அவர்கள் கையில் இரும்புக் குழாயில் மருந்து அடைத்த ராக்கெட்டுகள் இருந்தன. மூங்கிலும் காகிதமும் தாங்காத அழுத்தத்தை இரும்பு தாங்கியதால் அவை வெகுதூரம் பாய்ந்தன. 1799இல் திப்பு ஷஹீதான பிறகு, அந்த ராக்கெட்டுகள் இங்கிலாந்துக்குக் கொண்டு செல்லப்பட்டன. அவற்றை ஆராய்ந்துதான் வில்லியம் காங்கிரீவ் பிரிட்டிஷ் ராணுவத்துக்கு ராக்கெட் செய்தார். அமெரிக்காவின் நாசா மையம் ஒன்றில் திப்புவின் ராக்கெட் படையைக் காட்டும் ஓவியத்தைக் கண்டு வியந்ததாக அப்துல் கலாம் எழுதியிருக்கிறார்.

1957இல் ஸ்புட்னிக், 1961இல் விண்ணுக்குச் சென்ற முதல் மனிதர் யூரி ககாரின், 1969இல் நிலவில் மனிதக் காலடி என்று உலகம் வேகமாக ஓடியது. நாம் 1963 நவம்பர் 21இல் தும்பாவில் தொடங்கினோம். ஒரு தேவாலயம்தான் அலுவலகம். ராக்கெட் பாகங்கள் சைக்கிளில் வந்தன.

தோல்வி கற்றுத் தந்தது

ராமேஸ்வரத்து கலாம் தலைமையில் 1979 ஆகஸ்ட் 10இல் கிளம்பிய எஸ்.எல்.வி-3 வங்கக் கடலில் விழுந்தது. தலைவர் சதீஷ் தவான் அந்தப் பொறுப்பைத் தானே ஏற்றுப் பத்திரிகையாளர்களைச் சந்தித்தார். அடுத்த ஆண்டு ஜூலை 18இல் வெற்றி கிடைத்தபோது, கலாமைப் பேசச் சொன்னார். இதைக் கலாம் பல மேடைகளில் நன்றியோடு நினைவுகூர்ந்தார்.

2019இல் சந்திரயான்-2இன் லேண்டர் நிலவில் மோதியது. அடுத்த முறை என்னென்ன தவறலாம் என்று முதலில் கணக்கிட்டார்கள். கால்களை வலுவாக்கினார்கள். எரிபொருளைக் கூட்டினார்கள். இறங்கும் பரப்பை அகலமாக்கினார்கள். ஒட்டகத்தைக் கட்டிவிட்டுத்தான் தவக்குல் வைக்க வேண்டும் என்று நபி (ஸல்) அவர்கள் நமக்குக் கற்றுத் தந்ததும் இந்தப் பாடத்தைத்தான்.

மனிதர்களின் பயணம்

1984இல் ராகேஷ் சர்மா விண்வெளி சென்ற முதல் இந்தியர். 2025இல் சுபான்ஷு சுக்லா சர்வதேச விண்வெளி நிலையத்துக்குச் சென்று திரும்பினார். 2007 ரமலானில் மலேசியாவின் ஷேக் முஸாஃபர் அங்கே போனபோது, நாளுக்குப் பதினாறு முறை சூரியன் உதிக்கும் இடத்தில் எப்படித் தொழுவது, கிப்லா எது என்று அந்நாட்டு உலமாக்கள் ஆராய்ந்து வழிகாட்டினார்கள். இந்திய மண்ணிலிருந்தே மனிதரை அனுப்பும் ககன்யான் திட்டத்துக்கான வேலைகளும் நடந்து வருகின்றன.

பெற்றோர்களுக்கு

சூரியனை ஆராயும் ஆதித்யா-எல்1 திட்டத்தின் இயக்குநர் நிகர் ஷாஜி, செங்கோட்டையில் ஒரு விவசாயியின் மகள். ஊரின் அரசுப் பெண்கள் பள்ளியில் படித்தவர். அவர் வழிநடத்திய விண்கலம் இன்று பூமியிலிருந்து 15 லட்சம் கிலோமீட்டர் தொலைவில் நிற்கிறது.

பிளஸ் டூ முடிந்ததும் மகனுக்கு பாஸ்போர்ட், மகளுக்கு மாப்பிள்ளை என்று அவசரப்படும் வீடுகள் நம்மிடையே இன்னும் இருக்கின்றன. டிப்ளமோதானே என்று இளப்பமாகப் பேசுகிறோம். ஒரு முறை மதிப்பெண் குறைந்தால் படிப்பையே நிறுத்துகிறோம். வானங்களைப் பற்றிச் சிந்திக்கச் சொல்லும் வேதத்தை ஓதும் நாம், அந்தச் சிந்தனைக்கான படிப்பை நம் பிள்ளைகளுக்குத் தடுக்கலாமா? தோற்ற பிள்ளையின் பக்கத்தில் சதீஷ் தவானைப் போல நிற்போம். அடுத்த முறை, இன்ஷா அல்லாஹ், அந்தப் பிள்ளை ஜெயிக்கும்.