வழக்கு முடிந்துவிட்டதா? கோர்ட்டில் கொடுத்த அசல் பத்திரத்தைத் திரும்ப வாங்க மறக்காதீர்கள்!

வரப்புத் தகராறு, பாகப்பிரிவினை, வண்டிப்பாதை, கிணற்றுப் பங்கு என்று சிவில் வழக்கு நடத்தும்போது கிரயப் பத்திரம், தாய்ப் பத்திரம், உயில் போன்றவற்றின் அசலைக் கோர்ட்டில் தாக்கல் செய்கிறோம். தீர்ப்பு வந்ததும் பலர் தீர்ப்பு நகலை மட்டும் வாங்கிக்கொண்டு ஊர் திரும்பிவிடுகிறார்கள். பல வருடம் கழித்து நிலத்தை அடமானம் வைக்கவோ விற்கவோ போகும்போதுதான் 'அசல் எங்கே?' என்ற கேள்வி வரும். கோர்ட் அதைத் தானாக வீட்டுக்கு அனுப்பாது. நீங்கள்தான் மனு போட்டு வாங்க வேண்டும்.

எப்போது கேட்கலாம்?

1908-ம் வருட உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 13, விதி 9 இதற்கு வழி சொல்கிறது. மேல்முறையீட்டுக் காலம் முடிந்து, யாரும் மேல்முறையீடு செய்யவில்லை என்றால் அசலைத் திரும்பப் பெறலாம். முன்சீப் கோர்ட் தீர்ப்பை எதிர்த்து மேல் கோர்ட்டுக்குப் போக 30 நாள். ஐகோர்ட்டுக்குப் போவதென்றால் 90 நாள். தீர்ப்பு நகல் எடுக்க ஆன நாட்கள் இந்தக் கணக்கில் சேராது. மேல்முறையீடு செய்திருந்தால் அது முடியும்வரை காத்திருக்க வேண்டும்.

வழக்கு நடக்கும்போதே அவசரத் தேவையா? சான்றிட்ட நகலை அசலுக்குப் பதிலாக ஒப்படைத்து, 'கோர்ட் கேட்டால் அசலைக் கொண்டுவருவேன்' என்று உறுதிமொழி கொடுத்து முன்கூட்டியே கேட்கலாம். சாட்சியத்தில் ஏற்கப்படாத ஆவணங்கள் வழக்குக் கட்டில் சேராது. அவற்றைத் தாக்கல் செய்தவரிடமே திருப்பித் தர வேண்டும் என்பது விதி.

எப்படி வாங்குவது?

1. தீர்ப்பின் கடைசியில் உள்ள சான்றாவணப் பட்டியலைப் பாருங்கள். வாதி தரப்பு ஆவணங்களுக்கும் பிரதிவாதி தரப்பு ஆவணங்களுக்கும் தனித்தனி எண் இருக்கும். உங்கள் பத்திரத்தின் எண்ணைக் குறித்துக்கொள்ளுங்கள்.

2. வழக்கு எண், வருடம், ஆவண எண், மேல்முறையீடு இல்லை என்ற விவரத்துடன் வழக்கு நடந்த கோர்ட்டில் மனு போடுங்கள். வக்கீல் மூலமாகவும் போடலாம், நீங்களே நேரிலும் போடலாம். மேல்முறையீடு நடந்திருந்தால் வழக்குக் கட்டு கீழ்க் கோர்ட்டுக்குத் திரும்பி வந்துவிட்டதா என்று முதலில் விசாரியுங்கள்.

3. உத்தரவு ஆனதும் அடையாள அட்டையுடன் போய், ரசீதில் கையெழுத்திட்டுப் பெற்றுக்கொள்ளுங்கள். கையெழுத்துக்கு முன் எல்லாப் பக்கமும் இருக்கிறதா, சர்வே எண் சரிதானா என்று பாருங்கள். பத்திரத்தின் மேல் கோர்ட் முத்திரையும் எண்ணும் இருப்பதால் அதன் மதிப்பு குறையாது. அவற்றை அழிக்க வேண்டாம்.

கவனிக்க வேண்டியவை

* யார் தாக்கல் செய்தாரோ அவருக்குத்தான் ஆவணம் திரும்பக் கிடைக்கும். அண்ணன் தம்பி பாக வழக்கில் தாய்ப் பத்திரத்தை அண்ணன் தாக்கல் செய்திருந்தால் அசல் அவர் கைக்கே போகும். தம்பி சார்பதிவாளர் அலுவலகத்தில் ஒரு சான்றிட்ட நகலாவது வாங்கி வைத்துக்கொள்வது நல்லது.

* தாக்கல் செய்தவர் இறந்துவிட்டால் இறப்புச் சான்று, வாரிசுச் சான்றுடன் வாரிசுகள் மனு செய்யலாம்.

* தீர்ப்பினால் முழுவதும் செல்லாததாகிவிட்ட பத்திரம் திரும்பக் கிடைக்காது. கோர்ட் முடக்கி வைத்த ஆவணத்தையும் இப்படி வாங்க முடியாது.

* வக்கீல் வாங்கி வைத்திருந்தால் அவரிடம் கேட்டுப் பெறுங்கள். பீஸ் பாக்கி என்பதற்காக வக்கீல் கட்சிக்காரரின் ஆவணங்களைப் பிடித்துவைக்க முடியாது என்று ஆர்.டி. சக்சேனா வழக்கில் உச்ச நீதிமன்றம் 2000-ம் ஆண்டிலேயே தீர்ப்பளித்திருக்கிறது.

* பழைய வழக்குக் கட்டுகளைக் குறிப்பிட்ட காலத்துக்குப் பின் அழிக்க விதிகள் உள்ளன. 'அது கோர்ட்டில் பத்திரமாகத்தானே இருக்கிறது' என்று வருடக்கணக்கில் விட்டுவிடாதீர்கள்.

வக்கீல் வைக்க வசதியில்லாதவர்கள் தாலுகா கோர்ட் வளாகத்தில் உள்ள வட்ட சட்டப் பணிகள் குழுவை அணுகலாம். 15100 என்ற எண்ணிலும் பேசலாம். பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினருக்கு வருமானம் பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு.

உங்கள் வீட்டில் முடிந்துபோன வழக்கு ஏதாவது இருந்தால், அந்தத் தீர்ப்பு நகலை இன்றே எடுத்துப் பாருங்கள். பட்டியலில் உள்ள பத்திரம் பெட்டியில் இல்லையென்றால், அடுத்த வேலை நாளில் கோர்ட்டுக்குப் போய் விசாரியுங்கள்.