அமுக்குவது பேயா?

வாழப்பாடிக்கு அருகே ஒரு சிற்றூர். மரவள்ளிக் கிழங்கு அரைக்கும் பருவம். சேகோ ஆலையில் இரவு வேலை முடித்த ஒருவர் விடியற்காலையில் வீடு திரும்பித் திண்ணையில் மல்லாந்து படுக்கிறார். சற்று நேரத்தில் விழிப்பு வருகிறது. கண் திறந்திருக்கிறது, கூரை தெரிகிறது, உள்ளே பாத்திரம் துலக்கும் ஓசைகூடக் கேட்கிறது. ஆனால் கையும் காலும் அசையவில்லை. தலைமாட்டில் யாரோ நிற்கிறார்கள். அந்த உருவம் நெஞ்சின்மேல் ஏறி அமர்ந்து அழுத்துகிறது. கத்த முயல்கிறார், குரல் எழவில்லை. ஓரிரு நிமிடத்தில் எல்லாம் மறைகிறது. உடல் வியர்த்துக் கிடக்கிறது.

"அமுக்குப் பேய்தான். புளியமரத்தடி வழியாக வந்திருப்பாய்" என்பார்கள் வீட்டுப் பெரியவர்கள். மந்திரித்துத் தாயத்தும் கட்டுவார்கள்.

இது நாம் கற்பனை செய்த காட்சி. ஆயினும் இத்தகைய அனுபவம் உங்களுக்கோ உங்கள் வீட்டாருக்கோ நேர்ந்திருக்கக் கூடும். அப்படிச் சொல்பவர் பொய் சொல்லவில்லை. அவருக்குச் சித்தப் பிரமையும் இல்லை. அவர் கண்டது கனவு; ஆனால் விழித்துக்கொண்டே கண்ட கனவு. அது எவ்வாறு இயலும்?

உறக்கம் என்பது இரவு முழுவதும் ஒரே தன்மையுடையதன்று. இதனை 1953ஆம் ஆண்டில் தெளிவுபடுத்தியவர்கள் சிகாகோ பல்கலைக் கழகத்தைச் சேர்ந்த அசெரின்ஸ்கி, கிளைட்மன் என்ற இரு விஞ்ஞானிகள். உறங்குவோரின் மூடிய இமைகளுக்குள் விழிகள் சில வேளைகளில் விரைந்து அசைவதை அவர்கள் கண்டார்கள். அந்நேரத்தில் எழுப்பிக் கேட்டபோது, பெரும்பாலோர் கனவு கண்டதாகக் கூறினர். இந்தக் கனவு உறக்கம் ஏறத்தாழ 90 நிமிடத்திற்கு ஒருமுறை வந்து செல்கிறது. விடியலை நெருங்க நெருங்க நீளுகிறது.

கனவில் நாம் ஓடுகிறோம், சண்டையிடுகிறோம். ஆயினும் பாயில் அசையாமல் கிடக்கிறோமே, ஏன்? பிரான்சு நாட்டில் லியோன் நகர விஞ்ஞானி மிஷேல் ஜூவே பூனைகளைக் கொண்டு இதற்கு விடை கண்டார். கனவு உறக்கத்தின்போது மூளைத்தண்டிலிருந்து புறப்படும் கட்டளை ஒன்று உடல் தசைகளைத் தளர்த்திவிடுகிறது. மூளைத்தண்டில் அதற்குரிய சிறு பகுதியைச் சிதைத்தபோது, பூனைகள் உறக்கத்திலேயே எழுந்து, இல்லாத எதிரியுடன் போரிட்டன! ஆகவே இந்தத் தளர்ச்சி நம்மைக் காக்கும் பூட்டு. விழிகளையும், மூச்சுக்கு முதன்மையான உதரவிதானத்தையும் மட்டும் அது கட்டுவதில்லை.

சாதாரணமாக, கனவு கலைவதும் பூட்டுத் திறப்பதும் விழிப்பு வருவதும் ஒருங்கே நிகழ்கின்றன. எப்போதாவது விழிப்பு முந்திக்கொண்டால், பூட்டும் கனவும் எஞ்சி நிற்கின்றன. அதுவே உறக்க வாதம். விலாத் தசைகள் தளர்ந்திருப்பதால் ஆழ மூச்சிழுக்க இயலாது; நெஞ்சில் பாரம் தோன்றுகிறது. மூளையில் அச்சத்தை எழுப்பும் பகுதி கனவு உறக்கத்தில் மும்முரமாக இயங்குவது. அதன் வேகம் இன்னும் தணிந்திருக்காது. அருகில் நிற்கும் உருவம் எது? நம் உடலைப் பற்றி மூளை வைத்திருக்கும் சித்திரம் குழம்பி, வெளியே நிழலாகத் தோன்றலாம் என்று தமிழகத்தில் பிறந்த நரம்பியல் அறிஞர் வி. எஸ். ராமச்சந்திரனும் பாலன்ட் ஜலாலும் 2014இல் ஒரு கருத்தை முன்வைத்தனர்.

கனடாவின் நியூபவுண்ட்லாந்துத் தீவினர் இதனைக் கிழட்டுச் சூனியக்காரி என்றனர். ஜப்பானியர் இதற்கு வைத்த பெயர், உலோகத்தால் கட்டுண்ட நிலை என்று பொருள்படும். பெயர்தான் வேறு, அசைய இயலாத அந்த அனுபவம் ஒன்றே. பேய்க்குக் காரணம் நம்மூர்ப் புளியமரம் அல்ல என்பதற்கு வேறு சான்று வேண்டுமா?

2011இல் வெளியான ஒரு தொகுப்பாய்வின்படி, பொதுமக்களில் ஏறத்தாழ 8 சதவீதத்தினரும், மாணவர்களில் 28 சதவீதத்தினரும் வாழ்நாளில் ஒரு முறையாவது இதற்கு ஆளானவர்கள். தேர்வுக்காகக் கண்விழிப்போர், முறைமாற்றி வேலை செய்வோர், கவலையில் உழல்வோர் ஆகியோருக்கு இது வரும் வாய்ப்பு மிகுதி. மல்லாந்து படுப்பதும் இதற்குத் துணை செய்கிறது.

இது உயிருக்குத் தீங்கு செய்வதன்று. பேய் என்ற அச்சமே பெரிய தீங்கு. அஞ்சியவர் உறங்கத் தயங்குகிறார், உறக்கம் குறைகிறது, குறைந்த உறக்கமே மீண்டும் அதனை அழைத்து வருகிறது. இந்தச் சுழலைத் தாயத்தால் அறுக்க இயலாது. நேரம் தவறாமல் போதிய அளவு உறங்குங்கள், ஒருக்களித்துப் படுங்கள். அடிக்கடி நேர்ந்தாலோ, பகலிலும் அடக்க முடியாத தூக்கம் வந்தாலோ மருத்துவரை நாடுங்கள்.

உங்கள் வீட்டில் எவரேனும், "பேய் அமுக்கியது" என்று நடுங்கி எழுந்தால் சிரிக்க வேண்டாம். அவர் நன்றாக உறங்கி எத்தனை நாளாயிற்று என்று கேளுங்கள்.